ஓடும் வண்டியில் ஏறியவர்கள்

1

இது கதையாகப் பிறந்ததல்ல. ஒரு கண்ணாடித் தொழிற்சாலை தன் விழா மலருக்கு என்னிடம் கேட்ட பாராட்டுக் கட்டுரை. மலர் வரவில்லை. ஏன் வரவில்லை என்பதைத்தான் எழுதப் பார்க்கிறேன்.

முதல் தொடக்கம்: 'மானுட உழைப்பின் மகத்தான பயணத்தில், சக்கரம் சுழலத் தொடங்கிய அந்தப் பொன்னான —'

(போதும். எழுதும்போதே எனக்குக் கொட்டாவி வந்துவிட்டது.)

இரண்டாவது தொடக்கம்: தண்டவாளத்தில் ஒரு காலி வண்டி. இரண்டு பேர் ஓடி ஓடித் தள்ளிவிடுகிறார்கள். வண்டி பறக்கிறது. மணல் தொட்டியின் வாய்க்குக் கீழே அது வரும்போது, மேலே நிற்கும் பெண் லீவரை இழுக்கிறாள். ஓடுகிற வண்டிக்குள் மணல் கொட்டுகிறது. பாரம் ஏற ஏற வேகம் குறைந்து, உலைக்கூடத்து வாசலுக்கு நடைவேகத்தில் போய் நிற்கிறது. தினமும் நாற்பது தடவை.

இதில் எழுத என்ன இருக்கிறது? மேலாளர் இருக்கிறார்.

2

மேலாளர் அறையில் ஒரே ஜன்னல். அதில் தெரிவது தண்டவாளத்தின் முதல் இருபது அடி.* மீதியை அவர் பார்த்ததில்லை. அங்கே மணல் தூசி, அவருக்கு வெள்ளைச் சட்டை. ஆறு மாதம் அந்த இருபது அடியை ஆராய்ந்து ஒன்று கண்டுபிடித்தார்.

"காலி வண்டிக்கு எதுக்குய்யா இவ்வளவு வேகம்? ஒருத்தர் தள்ளினா போதாது?"

"நடுவுல மணல் ஏறுதே சார்," என்றார் தள்ளுபவர்களில் மூத்தவர்.

"ஏறட்டுமே. மேலேருந்து விழற மணல் வண்டியப் பின்னாலயா பிடிச்சு இழுக்குது? தள்ளின வேகம் எங்கயும் போகாதுய்யா. நான் படிச்சவன்."

"எங்கயும் போகலை சார். மணலோட பங்கு போட்டுக்குது."

மேலாளர் சிரித்தார். சிரித்து முடித்ததும், வெள்ளிக்கிழமை செயல்விளக்கம் என்றார். ஒருவர் தள்ளியே வண்டி போய்ச் சேர்ந்தால், அன்றே மூத்தவர் வேலையை விட்டு வீட்டுக்குப் போகலாம்.

* கேலிக்காக ஜன்னலைச் சிறிதாக்கிவிட்டேனோ என்று திரும்பப் போய் அளந்தேன். பெரிதாகத்தான் எழுதியிருக்கிறேன்.

3

லீவர் இழுக்கும் பெண் மூத்தவரின் தங்கை. எல்லோருக்கும் லீவரக்கா. இவளை நான் சரியாகப் படைத்தேனா என்பது சந்தேகம். முதல் வரைவில், 'அவள் விழியோரம் ஒரு துளி —'

(இதைப் படித்தால் என் தலையில் மணலைக் கொட்டுவாள்.)

அவள் அழவில்லை. மேலாளரிடம் போனாள்.

"சார், அண்ணன் இல்லாட்டி வண்டி தொட்டிக்குக் கீழயே நின்னுடும். நின்ன வண்டியில கொட்டினா தண்டவாளமே மூடிடும்."

"உன் வேலை என்னம்மா?"

"லீவர் இழுக்கறது."

"வண்டி வாய்க்குக் கீழ வந்தா இழு. யோசிக்கறதுக்கு இங்க வேற ஆள் இருக்கு."

"என்ன சொன்னாரு?" என்று கேட்டார் அண்ணன்.

"யோசிக்க ஆள் இருக்காம்ணே. ரூம் முழுக்கத் தேடிட்டுதான் வர்றேன்."

4

வெள்ளிக்கிழமை. தண்டவாளத்தை ஒட்டி விருந்தினர் மேடை. நிர்வாகக் குழுத் தலைவர், உறுப்பினர்கள், புகைப்படக்காரர். இளையவர் தனியாகத் தள்ளினார். வண்டி ஓடியது. மேலாளருக்குத் தலைகால் புரியவில்லை.

"மணல் என்ன மணல், நானே ஏறறேன் பாருங்க!"

ஏறினார். வண்டி சற்றுத் தயங்கியது. மேலாளர் வண்டியில், தலைவர் தரையிலா? அவரும் ஏறினார். தலைவர் ஏறியபின் உறுப்பினர்கள் நிற்பார்களா? எல்லோரும் பக்கத்திலிருந்து ஏறினார்கள். முன்னே போகும் வேகத்தில் ஒரு துளியும் கொண்டுவரவில்லை, உடம்பைத்தான் கொண்டுவந்தார்கள். (குழுக்களில் சேர்வதும் இப்படித்தான்.) ஆறாவதாக ஏறியவன் நான். மலரில் படம் வர வேண்டாமா?

ஓடிய வண்டி நடந்தது, நடந்தது ஊர்ந்தது, நின்றது. எங்கே என்று சொல்லவும் வேண்டுமா? தலைக்கு மேலே தொட்டியின் வாய்.

5

"இழுக்காதம்மா!"

"வண்டி வாய்க்குக் கீழ வந்தாச்சு சார்."

"கொஞ்சம் யோசிச்சுப் பாரும்மா!"

"அதுக்கு ஆள் இருக்குன்னீங்களே. வண்டிக்குள்ள இருக்காரா?"

தலைவர் கீழே மூத்தவரைப் பார்த்தார். "இத நகர்த்த எத்தன பேருய்யா வேணும்?"

மூத்தவர் கையைக் கட்டிக்கொண்டார். "ரெண்டு பேர் வேணும் சார். ஒருத்தர் போதும்னு படிச்சவங்க சொல்றாங்க."

எல்லோரும் மேலாளரைப் பார்த்தோம். 'ரெண்டு பேர்' என்று அவர் சொன்னால் போதும்.

முடிவு ஒன்று: மேலாளர் தவறை ஒப்புக்கொண்டு — (நம்பும்படி இல்லை. அடித்துவிட்டேன்.)

முடிவு இரண்டு: மணல். (கை துறுதுறுக்கிறது. ஆனால் உள்ளே நானும் நிற்கிறேனே.)

எடுத்த ஒரே படத்தில் ஆறு பேரும் வாய் பிளந்து மேலே பார்க்கிறோம். மலர் வராததற்கு அதுவே காரணம். அடுத்த படம் இல்லை, புகைப்படக்காரர் ஓடிவிட்டார். இந்தக் கதையை முதல் வரியில் தள்ளிவிட்டவன் நான். இப்போது நானும் பாரம். தள்ளுபவர்கள் இருவரையும் விட்டால், தரையில் மிச்சம் இருப்பவர் வாசிக்கிற நீங்கள்தான். மேலாளர் இன்னும் 'ரெண்டு பேர்' என்று சொன்னபாடில்லை. லீவரில் கை வைத்தபடி அவள் உங்களைத்தான் பார்க்கிறாள்.

"நீங்க சொல்லுங்க. இழுக்கவா, வேணாமா?"