ஜன்னல் சண்டையும் கருங்கல்லும்

தகரம் என்பது அவள் பெயர் அல்ல, அவள் குரலுக்குப் பள்ளிக்கூடத்தில் வைத்த பெயர். குரல் மாறாததால் பெயரும் மாறவில்லை. பாட்டு வராதது வேறு எங்காவது என்றால் ஒரு குறையே இல்லை. ஆனால் அவள் இருந்த உலகத்தில் பாடினால்தான் பாரம் எழும். நாலு பேர் ஒரே சுருதியில் குரல் கொடுத்தால் பீரோ பஞ்சாகிவிடும். முப்பது பேர் கொடுத்தால் கிடங்கு மரக்கட்டைகள் தரையை விட்டு எழுந்து, தள்ளிய பக்கம் போகும். யாராவது வீடு மாற்றினால் சொந்தபந்தமெல்லாம் வந்து பாடிக்கொடுப்பார்கள். இவளை மட்டும் அத்தைகள், "நீ போய் எல்லாருக்கும் டீ போடும்மா" என்று நைசாக அடுப்படிக்கு அனுப்பிவிடுவார்கள்.

இப்படிப்பட்டவள் போயும் போயும் ஒலிக்கும் பாரத்துக்கும் என்ன உறவு என்று ஆராயக் கல்லூரியில் சேர்ந்தாள். போதாக்குறைக்குக் கிடங்கின் முன்குரலையே கட்டிக்கொண்டாள். முன்குரல் என்றால் தூக்கும் கூட்டத்துக்கு முதலில் சுருதி எடுத்துக்கொடுப்பவன். அவன் வாயைத் திறந்தால் தெருவில் போகிறவன் நின்று கேட்டுவிட்டுத்தான் போவான்.

குரல்கள் ஒன்றானால் பாரம் குறையும் என்றுதான் எல்லாப் புத்தகங்களும் சொல்லின. தகரம் அதைத் தலைகீழாகப் புரட்டினாள். ஒன்றாவதால் எதுவும் எழுவதில்லை என்றாள். இரண்டு ஒலிகள் கிட்டத்தட்டச் சேர்ந்து, மயிரிழை சேராமல் நிற்கும்போது காற்று வொய்ங் வொய்ங் என்று அதிர்கிறதே, அந்த அதிர்வுதான் தூக்குகிறது. முப்பது தொண்டைகள் என்னதான் முட்டிமோதினாலும் முழுக்க ஒன்றாக முடியாது, அந்தச் சின்னப் பிசகில்தான் ஊரே பிழைக்கிறது. பிசகைக் கொஞ்சம் கூட்டினால் முப்பது பேர் வேலையை இரண்டு பேரே முடித்துவிடலாம்.

இதை அவள் கனவில் கண்டுபிடிக்கவில்லை. ஒரே நீளத்தில் இரண்டு குழாய் கேட்டதற்கு பிளம்பர் ஒன்றைக் குட்டையாக வெட்டிக்கொடுத்தான். அவனைத் திட்டித் தீர்த்துவிட்டு, வந்தது வரட்டும் என்று இரண்டையும் சேர்த்து ஊதினாள். மேஜை மேலிருந்த டம்ளர் எழுந்து வந்து அவள் மூக்குக்கு நேராக நின்றது.

கல்லூரிக் குழு மசியவில்லை. குழாயில் ஏதாவது தில்லுமுல்லு இருக்கும், மனிதக் குரலில் ஒரு கருங்கல்லைத் தூக்கிக் காட்டு என்றார்கள். கல் எழுந்தால் ஆய்வுக்கூடம் அவளுக்கு. எழாவிட்டால் அந்த அறை உடைந்த நாற்காலிகளுக்கு. குழுத் தலைவர் வேறு யாருமில்லை, ஒருகுரல் கோட்பாட்டைப் பாடப்புத்தகமாக எழுதிய அதே மனிதர்.

குறித்த நாளில் கூடத்தின் நடுவே, நாலு ஆள் சேர்ந்தாலும் அசைக்க முடியாத கல் ஒன்று உட்கார்ந்திருந்தது. எதிரே தலைவரும் இரண்டு உறுப்பினர்களும். தகரம் தன் வழக்கமான கோணல் சுருதியில் ஆரம்பித்தாள். கணவன் தன் நல்ல குரலில் சேர்ந்துகொண்டான். கல் கல்லாகவே இருந்தது.

அவளுக்குச் சுருதி தெரியாதே தவிர அதிர்வு தெரியும். காற்றில் அது இல்லவே இல்லை.

"என்னங்க, என்ன பண்றீங்க?" என்றாள் மெதுவாக.

"பாடத்தானே செஞ்சேன்?"

"உங்க சுருதியில நில்லுங்கன்னு சொன்னேன்ல? என் பக்கம் வந்துட்டீங்க."

அவன் தலையைச் சொறிந்தான். "நான் எங்க வந்தேன்? உன் குரல் கேட்டாலே என் குரல் தானா வந்து பக்கத்துல உக்காந்துக்குது."

அவன் காதில் பஞ்சை அடைத்துப் பார்த்தார்கள். அவள் தொண்டை ஏறி இறங்குவதைப் பார்த்தே வந்து சேர்ந்துவிட்டான். கல்யாண வீடுகளில் அவள் தன்னை மறந்து பாடித் தொலைக்கும்போதெல்லாம் அவனும் சுருதி பிசகுவான். ஊரே சிரிக்கும். அவள் கூச்சத்தில், அவனுக்குக்கூடச் சுருதி தப்பும் போலிருக்கிறது என்று நினைத்துக்கொள்வாள். அவளைத் தனியாகச் சிரிப்புக்கு ஆளாக்கக் கூடாதென்று அவன் தொண்டை அத்தனை நாளும் இறங்கி வந்திருக்கிறது. அவளுக்கு அவன் மேல் ஆசை பொங்கிக்கொண்டு வந்தது. கூடவே கழுத்தை நெரிக்கலாம் போலவும் இருந்தது.

"இன்னும் ஒரே ஒரு தடவைதான்மா," என்றார் தலைவர். "அப்புறம் நாற்காலியெல்லாம் எடுத்துட்டு வரச் சொல்லிடுவேன்."

தன் புருஷன் எதில்தான் விட்டுக்கொடுக்க மாட்டான் என்று தகரம் மூளையைக் கசக்கினாள். சட்டென்று பிடிபட்டது. நிமிர்ந்து நின்று பாடினாள்.

"ராத்திரி ஜன்னல் திறந்துதான் இருக்கும்..."

அவன் திடுக்கிட்டான். "அதையா இங்க பேசுவே?" என்றான். பிறகு கழுத்து விறைத்தது. கல்யாணமான நாளிலிருந்து அவன் அசையாத ஒரே இடம் அது. "மூடித்தான் இருக்கும், எனக்குச் சளி பிடிக்கும்..." என்று தன் சுருதியில் கணீரென்று எடுத்தான்.

"காத்து இல்லாம நான் புழுங்கிச் சாகணுமா..."

"பனியில நான் விறைச்சுச் சாகணுமா..."

வொய்ங் என்றது காற்று. கல் லேசாக முனகி, உடம்பை அசைத்துக்கொண்டு கிளம்பியது. முழங்கால், இடுப்பு, நெஞ்சு என்று ஏறியது. உறுப்பினர்கள் இருவரும் நாற்காலியோடு எழும்பி ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டார்கள். தலைவர் தவழ்ந்து வந்து கைத்தடியைக் கல்லுக்கு அடியில் இந்தப் பக்கம் விட்டு அந்தப் பக்கம் எடுத்தார். தன் புத்தகம் மொத்தமும் தப்பு என்று தெரிந்த மனிதர் அழுவார் என்று பார்த்தால் விழுந்து விழுந்து சிரித்தார்.

"அறை உனக்குத்தான் தாயே," என்றார். "புத்தகத்தை நான் மாத்தி எழுதிக்கறேன். இப்ப தரை உடையாம மெதுவா இறக்குங்க."

மெதுவாக இறக்க வேண்டுமென்றால் யாராவது ஒருவர் மற்றவர் பக்கம் கொஞ்சம் கொஞ்சமாக வர வேண்டும். தகரத்துக்குச் சந்தோஷத்தில் நெஞ்சு கொள்ளவில்லை. பாவம், அவருக்குச் சளிதானே பிடிக்கிறது என்று தோன்றியது. குரலை அவன் பக்கம் உயர்த்தி, "மூடியே இருக்கட்டும்..." என்று பாடினாள். அதே நேரம் அவன் குரலைத் தாழ்த்திக்கொண்டு, "திறந்தே இருக்கட்டும்..." என்று வந்துகொண்டிருந்தான். நடுவழியில் இரண்டு குரல்களும் உரசிக்கொண்டபோது கல் ஒரு சாண் இறங்கியது. ஆனால் இருவரும் நிற்காமல் கடந்துபோய் மற்றவர் இடத்தில் உட்கார்ந்துகொள்ள, அது மறுபடி மேலே போய்விட்டது.

"நீ நில்லு, நான் வரேன்..." என்று அவன் பாடினான்.

"நீங்க நில்லுங்க, நான் வரேன்..." என்று அவள் பாடினாள்.

இருவரும் மாற்றி மாற்றி விட்டுக்கொடுத்துக்கொண்டே இருந்தார்கள். கல் இறங்கவே இல்லை.