கொல்லைப்புறக் கடலின் வாடகை

1954ஆம் வருஷம் மாசி மாதம் செங்கற்பட்டில் கடலின் விலை மாதம் பன்னிரண்டரை ரூபாய். அலை, நண்டு, காற்று எல்லாம் அதில் அடக்கம். அகலம் பதினோரு அடி, நீளம் பதினெட்டு. ஆழம் பார்க்க விட்ட கிணற்றுக் கயிறு திரும்பி வரவில்லை.

அது ஹபீபாவைத் தேடி வந்த கடல். கடலோரச் சதுரங்கப்பட்டினத்தில் புருஷனைப் பறிகொடுத்தவள், செங்கற்பட்டில் பட்டாபிராமனின் வீட்டைப் பன்னிரண்டு ரூபாய் வாடகைக்கு எடுத்து, முன்னறையில் இடியாப்பக் கடை போட்டாள். மூன்றாம் மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை கொல்லைக் கதவைத் திறந்தால் அங்கே கடல் இருந்தது. "இம்மா நாளு எங்க போய்க் கெடந்தே?" என்று அதட்டிவிட்டு, அதிலேயே பாத்திரத்தைக் கழுவினாள்.

ஊருக்குச் சௌகரியமாகப் போயிற்று. அமாவாசைக்குக் கடலாட மாமல்லபுரம் போனால் பஸ்ஸுக்கே பன்னிரண்டணா. ஹபீபா வீட்டுச் சந்து வழியாகப் போனால் தலைக்கு இரண்டணா. ஆசாரக்காரர்களும் வந்து முங்கினார்கள். போகும்போது இடியாப்ப வாசனையை மூக்கால் மட்டும் எடுத்துக்கொண்டார்கள். அதற்கு அவள் காசு கேட்கவில்லை.

அடுத்த வீட்டிலிருந்த பட்டாபிராமன் சுவருக்கு மேலாக அந்த இரண்டணாக்களை எண்ணினார். எண்ணிக்கை அவரைத் தூங்கவிடவில்லை. குடித்தனக்காரரைக் கிளப்ப வீட்டுக்காரர்களுக்குத் தெரிந்த வழி ஒன்று உண்டு: வாடகையை வாங்காமல் இருப்பது. கையில் கொடுத்தால் ராகுகாலம் என்றார். மணியார்டர் அனுப்பினால் 'வாங்க மறுத்தார்' என்று திரும்பிற்று. திரும்பிய சீட்டுகளை ஹபீபா அடுப்புப் பற்றவைக்க வைத்துக்கொண்டாள். அவள் செய்த ஒரே தப்பு அதுதான். வாடகை பாக்கி என்று பட்டாபிராமன் கேஸ் போட்டபோது, பணம் அனுப்பியதற்கு அத்தாட்சி எங்கே என்று கேட்டார் அவருடைய வக்கீல் வேதாந்தம்.

"அடுப்புல போச்சு வக்கீலய்யா. அதுல வெந்ததத்தான் நீங்களும் துன்னுட்டுப் போனீங்க."

கோர்ட்டு சிரித்தது, சிரித்து முடித்து, முப்பது நாளில் காலி செய்யச் சொல்லிற்று. வேறு வீடு எவரும் தரவில்லை. கடை போனால் சோறும் போயிற்று. ஹபீபா அழுதது அலைச் சத்தத்தில் வெளியே கேட்கவில்லை.

முப்பதாம் நாள், மாசி மகத்துக்கு முந்தின தினம். மகத்தன்று நீராட பட்டாபிராமன் அதற்குள் நானூறு பேருக்கு டிக்கெட் விற்றிருந்தார். ஹபீபா தட்டுமுட்டுச் சாமான்களை மாட்டுவண்டியில் ஏற்றிக் கிளம்பினாள். கடல் எழுந்து, பாயைச் சுருட்டுவதுபோலத் தன்னைச் சுருட்டிக்கொண்டு வண்டிக்குப் பின்னால் நடந்தது. கொல்லையில் மிச்சம் இரண்டு நண்டும் கிணற்றுக் கயிறும்.

வேதாந்தத்தையும் இழுத்துக்கொண்டு ஜட்காவில் துரத்திய பட்டாபிராமன், திருக்கழுக்குன்றத்துக்கு முன்னால் வண்டியை மறித்தார்.

"என்னம்மா அநியாயம் இது! சமுத்திரத்தைக் கூட்டிண்டு போறியே!"

"நான் இன்னா கையப் புடிச்சா இட்டுகினு போறேன்? அதுவா வந்துகினு கீது. நில்லுன்னு நீயே சொல்லிப் பாரு சாமி."

சொல்லிப் பார்த்தார். கடல் அவர் வேட்டியை முழங்கால்வரை நனைத்தது.

"நாளைக்கு நானூறு பேர் வரா. திரும்பி வந்துடு, பழைய வாடகையே போறும்."

"உன் வூட்டுக்கு பன்னெண்டு. என் கடலுக்கு இன்னா தர்றே?"

மைல்கல்லில் உட்கார்ந்து பேரம் நடந்தது. கடல் ரோட்டோரம் காத்திருந்தது. சாயங்காலத்துக்குள் வேதாந்தம் ராஜிப் பத்திரம் எழுதினார். வீடு ஆயுசுக்கும் ஹபீபாவுக்கு, வாடகை பன்னிரண்டு. கடல் பட்டாபிராமனுக்கு, வாடகை பன்னிரண்டரை; குளியல் காசும் அவருக்கே. ஒன்றில் ஒன்று கழித்து, மாதம் எட்டணா அவர் ஹபீபாவுக்குத் தரவேண்டும். மூன்று மாதம் பாக்கி விழுந்தால் கடல் காலி செய்யும். இருவரும் கையெழுத்துப் போட்டார்கள். கடல் பத்திரத்தின் ஓரத்தை நனைத்தது. வேதாந்தம் அதைச் சாட்சியாக எடுத்துக்கொண்டார்.

அடுத்த மாதம் பட்டாபிராமன் எட்டணாவை நீட்டினார். "இன்னிக்கு வெள்ளிக்கெயம சாமி" என்றாள் ஹபீபா. மணியார்டர் அனுப்பினார், 'வாங்க மறுத்தார்' என்று திரும்பிற்று. மாதாமாதம் திரும்பிற்று. பட்டாபிராமன் படித்தவர், சீட்டுகளை அடுப்பில் போடவில்லை. ஒன்றுவிடாமல் கம்பியில் கோர்த்துக் கொல்லைச் சுவரில் மாட்டினார். உப்புக் காற்று அத்தனை சீட்டிலும் மையைத் தின்றுவிட்டது.

ஹபீபா கடலைக் கிளப்பவில்லை. கிளப்பமுடியும் என்பது இரண்டு வீட்டுக்கும் தெரிந்திருந்தது. காலி செய்கிற பேச்சை அப்புறம் எவரும் எடுக்கவில்லை.

1957 மாசி வரை கணக்கு: அனுப்பியது முப்பத்தாறு தடவை. மணியார்டர் கமிஷன், தடவைக்கு இரண்டணா வீதம், நாலரை ரூபாய். அனுப்பியதற்கு அத்தாட்சி, இல்லை. ஹபீபாவுக்கு வரவேண்டிய பாக்கி, பதினெட்டு ரூபாய். கடல், கொல்லையில் இருக்கிறது.