பொதுவில் ஒரு முட்டை

"பீரோ நம்மளது. கட்டில் அவங்களது. மிக்சி?" என்று கேட்டார் முனிராஜ் மாமா.

"மிக்சி நாம குடுத்தது," என்றார் சுகுணாவின் அப்பா சென்னகிருஷ்ணன். "ஜாடி ஒண்ணு ஒடஞ்சிருக்கு. பரவால்ல, அதயும் எடுத்து வை."

மூக்கண்டப்பள்ளியின் அந்த லைன் வீட்டு வாசலில் ஒரு டாட்டா ஏஸ் வண்டி பின்கதவைத் திறந்துபோட்டு நின்றது. ஞாயிற்றுக்கிழமை என்பதால் ஷிஃப்டுக்குப் போகாத அக்கம்பக்கத்துப் பெண்கள், ஏற்கெனவே காய்ந்த துணிகளை மறுபடி உதறிக் காயப்போட்டபடி பார்த்துக்கொண்டிருந்தார்கள். சுகுணா கதவோரம் நின்றாள். அவள் கணவன் கௌதம் எதிர்ச் சுவரில் சாய்ந்து நின்றான். சாத்தூரிலிருந்து வந்திருந்த அவனுடைய அம்மா ராசாத்தி கட்டிலை விட்டு இறங்கவே இல்லை. இறங்கினால் அதையும் வண்டியில் ஏற்றிவிடுவார்கள் என்று நினைத்தாளோ என்னவோ.

பெரிய சண்டை ஒன்றும் நடக்கவில்லை. சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, "இவ வேலைக்குப் போனது போதும், ஊரோட வந்து என்கூட இருக்கட்டும்" என்றாள் ராசாத்தி. செல்போன் கம்பெனியில் அந்த மாதம்தான் சுகுணாவை நிரந்தரமாக்கியிருந்தார்கள். அவள் கணவனைப் பார்த்தாள். "நீங்க சொல்லுங்க" என்றாள். அவன் இன்னொரு கரண்டி ரசம் ஊற்றிக்கொண்டான். மறுநாள் காலை கம்பெனி பஸ்ஸில் போனவள், சாயங்காலம் இங்கே இறங்காமல் தளி பஸ்ஸில் ஏறி, ஜவளகிரியில் அப்பா வீட்டுக்குப் போய்விட்டாள்.

"நீ எதுக்கு வர்ற, நானே போயி எல்லாத்தயும் எடுத்தாறேன்" என்றுதான் அப்பா சொன்னார். "என் துணி எது, அவரு துணி எதுன்னு உனக்குத் தெரியுமாப்பா?" என்று கேட்டு வண்டியில் ஏறிக்கொண்டாள். அவள் வந்ததற்கு உண்மையான காரணம் முட்டை. அது அங்கே இருந்த இரண்டே பேருக்குத்தான் தெரியும்.

அது போனில் விளையாடுகிற விளையாட்டு. விநோதமான மிருகங்களைப் பிடித்து வளர்க்க வேண்டும். இரண்டு பேர் ஆளுக்கு ஒரு மிருகத்தை ஒரே கூட்டில் விட்டால் பொதுவில் ஒரு முட்டை கிடைக்கும். அவள் கொடுத்தது கொம்பு முளைத்த மீன். அவன் கொடுத்தது நெருப்பு வால் உடும்பு. இரண்டையும் சேர்த்தால் என்ன பிறக்கும் என்று யாருக்கும் தெரியாது. தினம் விளக்கு வைக்கிற நேரத்தில் இரண்டு பேரும் அவரவர் போனில் ஒரே சமயம் விரலை வைத்து முட்டைக்குச் சூடு கொடுக்க வேண்டும். ஒரு நாள் தவறினாலும் அது கல்லாகிவிடும். பொரிக்கிற அன்று இரண்டு போனும் பக்கத்தில் பக்கத்தில் இருக்க வேண்டும்.

அவள் வீட்டை விட்டுப் போனதற்கு முதல் நாள்தான் முட்டை கிடைத்தது. அதற்குப் பிறகு ஒரு போன் இல்லை, ஒரு மெசேஜ் இல்லை. ஆனால் முட்டை மட்டும் ஒரு நாளும் ஆறவில்லை. ஜவளகிரியில் வீட்டுக்குள் சிக்னல் கிடைக்காது. ராகிக்கொல்லை கடைசிவரை போய், காட்டு ஓரத்தில் வரப்பின் மேல் நிற்க வேண்டும். "ஏ பொண்ணு, யானை எறங்கற நேரம், உள்ள போ!" என்று காவல் பரணிலிருந்து கத்துவார்கள். அவள் போக மாட்டாள். திரையில் அவன் பெயருக்குக் கீழே பச்சைப் புள்ளி வரும், அவள் விரலை வைப்பாள், முட்டை சிவக்கும். பேசத் தெரியாதவன் இப்படித்தான் பேசுகிறான் என்று நினைத்துக்கொண்டு இருட்டில் திரும்பி நடப்பாள்.

இன்று காலையிலிருந்து முட்டை அசைந்துகொண்டிருந்தது. அதைச் சுற்றி ஒரு வெளிச்ச வளையம். அது தேய்ந்து முடிவதற்குள் பொரிக்க வேண்டும். முந்தானைக்குள் மறைத்தபடி போனைப் பார்த்தாள். பாதிக்கு மேல் போயிருந்தது. கேட்க வேண்டியவன் அவன். தானாகக் கேட்பதில்லை என்று வண்டியில் வரும்போதே முடிவு செய்திருந்தாள். அவனோ அவளைப் பார்ப்பதும், அம்மாவைப் பார்ப்பதும், தரையைப் பார்ப்பதுமாக நின்றான்.

"மாப்ள, ஃப்ரிட்ஜ ஒரு கை புடிங்க," என்றார் முனிராஜ் மாமா. பெண் வீட்டுப் பொருளை வெளியே கொண்டுபோக அவனே டிரைவரோடு சேர்ந்து தூக்கினான்.

ஜன்னலில் வைத்திருந்த அவனுடைய போன் அடித்தது. அவன் இரண்டு கையிலும் ஃப்ரிட்ஜ். மாமாதான் எடுத்தார். காது மந்தம் என்பதால் எந்தப் போனாக இருந்தாலும் ஸ்பீக்கரில் போட்டுவிடுவார்.

"கௌதம் தம்பி, எல்லப்பன் பேசறேன். முட்டை பொரிச்சிதா? குஞ்சு எப்டிக்கீது? தெனம் நாந்தானே அமுக்கினேன், எனக்கும் பாக்கணும்னு ஆசையாக்கீது. ஒரு போட்டோ அனுப்புப்பா."

"என்ன முட்டை?" என்றாள் ராசாத்தி. "ஏன்டா, வாடகை வீட்ல கோழியா வளக்குறீக?"

சுகுணா கதவோரத்திலிருந்து இரண்டடி முன்னால் வந்தாள்.

"யாரு எல்லப்பன்?"

அவன் ஃப்ரிட்ஜை இறக்கி வைத்தான். "எங்க கம்பெனி செக்யூரிட்டி. கேட்ல போன வாங்கி லாக்கர்ல வைக்கிறவரு. நீ போன அன்னைக்கே என்னைய செகண்ட் ஷிஃப்ட்ல போட்டுட்டாங்க. அந்த நேரத்துல போன் என் கையில இருக்காது. ஆறிரக்கூடாதுன்னுதான் அவருகிட்ட..."

"அப்ப அது நீங்க இல்ல."

"எனக்காகத்தான அவரு..."

"யானை வர்ற எடத்துல போயி நின்னேங்க. தெனம். ஒரு வாட்ச்மேனுக்காகவா நின்னேன்?"

"யானையா? நீ வீட்டுக்குள்ள இருந்து வைக்கிறேன்னுல்ல நெனச்சேன்."

"அவருகிட்ட என்னான்னு சொன்னீங்க?"

"எல்லாம்."

"எல்லாம்னா?"

"நீ கோவிச்சுட்டுப் போனது. தப்பு எம்மேலன்னு. இது ஒண்ணுதான் மிச்சம் இருக்கு, காப்பாத்திக் குடுங்கண்ணேன்னு."

அவள் போனை முந்தானைக்குள் செருகினாள். "கேட்ல நிக்கறவருகிட்ட இவ்வளவு பேசத் தெரியுது."

"சாலு, சாலு," என்று தெலுங்கில் அதட்டினார் அப்பா. போதும் என்பதற்கு அவர் வாயில் வேறு வார்த்தை வராது. "முட்டையாம், யானையாம். வண்டிக்காரன் நிக்கறான். நட."

சுகுணா நடந்தாள். வண்டி வரைக்கும் போனாள். டிரைவர் பீரோவுக்குக் கயிறு போட ஆரம்பித்திருந்தான். அவள் வண்டியின் பின்கதவுப் பலகையில் உட்கார்ந்து போனை எடுத்துப் பக்கத்தில் வைத்தாள்.

"கொண்டாங்க," என்றாள்.

கௌதம் மாமாவின் கையிலிருந்து போனைப் பிடுங்கிக்கொண்டு வெறுங்காலோடு ஓடி வந்தான். இரண்டு போனும் ஒட்டி வைக்கப்பட்டன. இரண்டு கட்டைவிரல்கள் இறங்கின. பொரித்து முடியும்வரை எடுக்கக் கூடாது. வெயிலில் திரை கண்ணாடிபோல மின்னியது. வளையத்தில் எவ்வளவு மிச்சம் என்று இருவருக்கும் தெரியவில்லை.

"வெரல எடுக்காம சொல்லுங்க," என்றாள். "அன்னைக்குச் சொல்லாதத. எங்கப்பா இருக்காரு, உங்கம்மா இருக்காங்க. இப்பச் சொல்லுங்க. இல்லன்னா நான் எடுத்துருவேன்."

ராசாத்தி கட்டிலிலிருந்து இறங்கினாள். வாசலைத் தாண்டி வண்டிக்குப் பக்கத்தில் வந்து நின்றாள்.

"என்னடா? என்ன சொல்லப்போற?"

அவனுடைய விரல் வியர்த்து வழுக்கியது. அழுத்திக்கொண்டான்.

"அவ... வேலைய விட மாட்டாம்மா."

"என்னா சொன்னாரு?" என்றார் முனிராஜ் மாமா, காதில் கையை வைத்துக்கொண்டு.

"அது என் முடிவு, அது எல்லாத்துக்கும் தெரியும்," என்றாள் சுகுணா. "உங்களது?"

துணி உதறும் சத்தம் நின்றிருந்தது. டிரைவர் கயிற்றின் முனையை முடிச்சுப் போடாமல் கையிலேயே வைத்திருந்தான். கௌதம் தலையை நிமிர்த்தினான். வாயைத் திறந்தான். அதற்குள் ராசாத்தி, இவர்கள் அப்படி எதைத்தான் அமுக்கிக்கொண்டிருக்கிறார்கள் என்று குனிந்தாள். அவளுடைய நிழல் இரண்டு போன்களின் மேலும் விழுந்தது. அந்த நிழலுக்குள், அதுவரை வெயிலில் தெரியாத முட்டை தெரிந்தது. இரண்டு திரைகளிலும் அதன் மேல் மயிரிழைபோல ஒரு விரிசல் நெளிந்து நெளிந்து கீழே இறங்கிக்கொண்டிருந்தது.