வியாழக்கிழமைச் சுவர்க்கோழி

யாயான் வளர்க்கும் டாரன்டுலா ஒன்பது வாரமாக எதையும் தின்னவில்லை. அதில் அவனுக்குப் பெரிய கவலை இல்லை; அந்தச் சிலந்திச் சாதி மாதக்கணக்கில் பட்டினி கிடக்கும். சிநேகிதம்தான் இளைத்துக்கொண்டிருந்தது.

பாண்டுங் நகரில் யாயான், செசெப், ஹெர்லான் மூவரும் ஒரே விடுதி அறையில் தங்கிப் படித்தபோது வாங்கியது அது. விடுதிக்கார அம்மாளின் பெயரையே வைத்தார்கள்: இமாஸ். அம்மாள், சிலந்தி இருவருமே வாசலில் அசையாமல் உட்கார்ந்திருப்பார்கள். தாமதமாக வருகிறவன்மேல்தான் பாய்வார்கள். வியாழன் மாலை பறவைத் தீனிக் கடையில் உயிரோடு சுவர்க்கோழிப் பூச்சி வாங்கிவந்து, கண்ணாடித் தொட்டி முன்னால் சப்பணமிட்டு, காய்கறி பஜ்ஜி தின்றபடி காத்திருப்பார்கள். இமாஸ் பாயும் அரை நொடிக்காக இரண்டு மணி நேரப் பேச்சு. தேர்வுக்குக்கூட யாரும் அவ்வளவு நேரம் உட்கார்ந்ததில்லை.

பன்னிரண்டு வருஷம் ஓடிவிட்டது. இப்போது செசெப் பாத்தாம் தீவில், ஹெர்லான் பாலிக்பாப்பன் நகரில். வியாழன்தோறும் யாயான் கைபேசியைத் தொட்டியோரம் சாய்த்துவைத்து இருவரையும் வீடியோவில் கூப்பிடுவான். இமாஸ் தின்பது நின்றதும் பேச்சும் சுருங்கிற்று. போன வாரம் ஹெர்லான் வரவேயில்லை. செசெப், "தின்னா கூப்பிடுடா" என்று வைத்துவிட்டான்.

இந்த வியாழன் சுவர்க்கோழியை இடுக்கியில் பிடித்தபடி மூடியைத் திறந்தால், இமாஸ் செத்ததுபோல் மல்லாந்து கிடந்தது. சட்டை உரிக்கப் போகிறது. அந்த நேரத்தில் சுவர்க்கோழி உள்ளே இருந்தால் அதுவே இமாஸைக் கடித்துவைக்கும். யாயான் அதைத் திரும்ப டப்பாவில் போட்டான். பிறகு ஒரு படம் எடுத்து, ஒரு வார்த்தையும் எழுதாமல் இருவருக்கும் அனுப்பினான். பொய் எதுவும் சொல்லவில்லை.

ஒரே நிமிஷத்தில் இருவரும் வீடியோவில் வந்துவிட்டார்கள். இமாஸ் தப்பித்து அரிசி வாளிக்குள் உட்கார்ந்திருந்த கதை வந்தது. அதன் பெயர் என்னவென்று அம்மாள் கேட்டதும் மூவரும் ஊமையான கதை வந்தது. ஒரு மணி நேரம் போயிற்று. யாயானுக்கு மனசு உறுத்தியது.

"டேய், ஒண்ணு சொல்லணும். இமாஸ் சாகல."

"தெரியும்டா," என்றான் செசெப். "ரெண்டாவது வருஷம் இதே மாதிரி கெடந்தப்ப குழி தோண்டுனவன் நான். பாதிக் குழியில கால ஆட்டுச்சு. மறப்பனா?"

"அப்புறம் ஏன் இவ்ளோ நேரம் சொல்லல?"

"நீ ஏன் சொல்லல?"

ஹெர்லான் தலையில் அடித்துக்கொண்டான்.

"நான் அப்ப ஊருக்குப் போயிருந்தேன்டா பாவிகளா. இங்க ஆபீஸ்ல, வீட்ல சாவுன்னு சொல்லி லீவு வாங்கிட்டேன்."

சட்டை உரித்த பிறகும் பல் கெட்டிப்பட இரண்டு வாரமாவது ஆகும். அதுவரை இமாஸுக்குத் தீனி கிடையாது. அடுத்த வியாழன் கூப்பிடட்டுமா என்று கேட்க யாயானுக்கு வாய் வரவில்லை.

"லீவுதான் கெடச்சிருச்சே," என்றான் ஹெர்லான். "உரிக்கட்டும். இருக்கேன்."

யாயான் கைபேசியை நன்றாகச் சாய்த்துவைத்தான். டப்பாவுக்குள் சுவர்க்கோழிக்கு ஒரு கேரட் துண்டு போட்டான். வியாழக்கிழமை; யாராவது சாப்பிட்டாக வேண்டும்.