மூத்தவனிடம் உத்தரவு

தகப்பனின் முதுகுக்குப் பின்னால் இரண்டாவது தலையணையைச் செருகிவிட்டு, கௌசலா மடிக்கணினி இருந்த கதிரையை அவர் முகத்துக்கு நேரே இழுத்தாள்.

"தெரியுதோ அப்பா?"

"வெளிச்சத்தைக் கூட்டு பிள்ளை."

செல்வநாயகத்துக்கு இரண்டு சிறுநீரகமும் கைவிட்டு எட்டு மாதம். போன கிழமை, இனி ஆஸ்பத்திரிக்கு வரமாட்டேன் என்று ஒரேயடியாகச் சொல்லிவிட்டார். கால் வீங்கி, மூச்சு இழுத்து, ஒரு மிடறு தண்ணீருக்கும் யோசிக்கிற நிலையில் மனிதர் தேவாரம் கேட்டிருக்கலாம். கேட்டது படம். வேற்றுக் கிரகத்திலிருந்து ஒருவன் வந்து மனிதரை விசாரிக்கிற படம். அதிலும் பழையது அல்ல, அதைத் திருப்பி எடுத்த புதியது. பதின்மூன்று வருடமாக அவர் திட்டித் தீர்த்தது இந்தப் புதியதைத்தான்.

பழையதை இளவயதில் யாழ்ப்பாணத்தில் கறுப்பு வெள்ளையில் பார்த்தவர். அதில் வந்தவன் உப்பு வெளியில் இறங்கி உட்கார்ந்துகொண்டு, வருகிற எல்லாரிடமும் நீ கண்டதைச் சொல் என்று மட்டும் கேட்பான். கேட்டு முடிந்ததும் தீர்ப்புச் சொல்லாமலே போய்விடுவான். புதியதில் அவன் பாதி உலகத்தை அழித்துக்கொண்டிருக்கும்போது ஒரு கிழவி முன்னால் வந்து, பக்கத்து வீட்டுப் பிள்ளையைத் தன் பிள்ளை என்று பொய் சொல்லுவாள். பொய் என்று தெரிந்தும், அந்தப் பொய்க்காகவே அவன் மிச்சப் பேரை மன்னித்துவிட்டுப் போவான்.

முத்தையன்கட்டுக்குத் திரும்பிவந்து தகரக் கொட்டிலில் இருந்த காலத்தில், தமிழ்க் குரல் போட்ட அந்தப் புதிய படத்தைத் தொலைக்காட்சியில் பார்த்துவிட்டு செல்வநாயகம் அன்று சோறு தின்னவில்லை. "சாட்சி கேக்க வந்தவன் பொய்க்கு மயங்கிப் போறதோ. இவனும் இஞ்சை வந்துபோற ஆக்களைப் போலதான்" என்றார். விசாரணைக் குழுக்கள் வந்து போய்க்கொண்டிருந்த நேரம் அது. ஒவ்வொரு குழுவுக்கும் முன்னால் அவரும் மனைவி விமலேஸ்வரியும் மூத்த மகன் கிருசாந்தனின் படத்தோடு போய் இருந்தார்கள். சண்டையின் கடைசி நாட்களில் காணாமல் போன பத்தொன்பது வயதுப் பிள்ளை. ஒவ்வொரு முறையும் அதே படிவம், கடைசியாக எங்கே கண்டீர்கள் என்ற அதே கேள்வி.

இன்றும் விமலேஸ்வரி பந்தலுக்குப் போயிருந்தாள். காணாமல் போனவர்களின் தாய்மார் வீதியோரத்தில் தறப்பாள் கட்டி இருக்கிற பந்தல். புருசன் இப்படிக் கிடக்க இவளுக்கு என்ன பந்தல் என்று ஊர் பேசியது. அவள் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. நான் போகாவிட்டால் என் பிள்ளையின் படத்தை ஆர் பிடிக்கிறது என்று கேட்டுவிட்டு முதல் பஸ்சுக்குப் போனவள்.

படத்தில் கிழவி வந்தாள். பிள்ளையைச் சேலைத் தலைப்புக்குள் மறைத்துக்கொண்டு பொய்யைச் சொன்னாள்.

"நிப்பாட்டு" என்றார் செல்வநாயகம். "கொம்மா எத்தினை மணிக்கு வருவா?"

"மூண்டு மணி பஸ்சிலை வருவா."

"அந்தக் கிழவியிலை பிழையில்லை."

கௌசலாவுக்குச் சிரிப்பு வந்தது. "இப்பதானோ கண்டுபிடிச்சனீங்கள்?"

அவர் சிரிக்கவில்லை. "நான் கொண்ணன் கிருசானைக் கண்டனான் பிள்ளை."

"கனவிலையோ அப்பா?"

"இல்லை. வட்டுவாகலுக்குக் கிட்ட. நீங்கள் மூண்டு பேரும் பாலத்தைக் கடந்து போன அண்டைக்குப் பின்னேரம். உங்களை விட்டிட்டு அவனைத் தேடிப் போனனான் எல்லோ. ஒரு பங்கருக்குப் பக்கத்திலை கிடந்தான். சூடு கூட ஆறேல்லை."

கௌசலா கதிரையின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"என்ரை சாரத்தாலை முகத்தை மூடினனான். மண்வெட்டி ஒண்டும் இல்லை. கையாலைதான் மண் அள்ளிப் போட்டனான். அதுவும் முழுக்க மூடேல்லை. செல் விழுந்தோண்டு இருந்தது." அவர் மூச்சு வாங்கினார். "ரெண்டு நாள் கழிச்சு நான் முகாமுக்கு வந்து சேர, கொம்மா வேலிக் கம்பியைப் பிடிச்சுக்கொண்டு நிக்கிறா. கிருசான் எங்கை எண்டு கேட்டா. காணேல்லை எண்டு சொல்லிப்போட்டன். ஒரு நாளைக்குத்தான் எண்டு நினைச்சன் பிள்ளை. ஒரு நாள் அவ சாப்பிட்டு நித்திரை கொள்ளட்டும், நாளைக்குச் சொல்லுவம் எண்டு."

பதினாறு வருடம். அந்த ஒரு நாளுக்குப் பிறகு மறுநாள் வரவேயில்லை. அவரே விமலேஸ்வரியைச் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு போய்ப் பஸ்சுக்கு விட்டார். அவரே குழுக்களுக்கு முன்னால் உட்கார்ந்து, காணவில்லை என்று ஒவ்வொரு படிவத்திலும் கையெழுத்து வைத்தார்.

"கொம்மாவுக்குச் சொல்லாதை எண்டு சொல்ல எனக்கு உரிமையில்லை. சொல்லு எண்டு சொல்லவும் பெலனில்லை. நீ பாத்துச் செய்" என்றார். பிறகு, "மிச்சத்தைப் போடு" என்றார்.

அவள் போட்டாள். பார்லித் தண்ணீரைச் சூடாக்க வேண்டும் என்று சொல்லிவிட்டுக் குசினிக்குள் போனாள். அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. இந்த முப்பத்தொரு வயதுக்குள் அவளுக்கு வந்த இரண்டு சம்பந்தமும், மூத்தவன் வரட்டும் என்று தாய் சொன்ன ஒரே சொல்லில் நின்றுபோயின. அப்போதெல்லாம் இந்த மனிதர் முற்றத்தில் மண்வெட்டிக்குப் பிடி போட்டுக்கொண்டிருந்தார். வாயைத் திறக்கவில்லை. இப்போது தான் சாகும்போது அதைத் தூக்கி அவள் தலையில் வைக்கிறார். இதைக் கேட்டுவிட வேண்டும் என்று கோப்பையோடு திரும்பி வந்தாள்.

வானத்திலிருந்து வந்தவன் யாரோடோ தமிழில் பேசிக்கொண்டிருந்தான். செல்வநாயகத்தின் வாய் திறந்திருந்தது. கண்ணும் பாதி திறந்திருந்தது. கௌசலா கோப்பையைக் கீழே வைத்துவிட்டு அவர் மூக்கருகில் விரலைப் பிடித்துப் பார்த்தாள். பிறகுதான் படத்தை நிறுத்தினாள்.

மூன்று மணி பஸ்சில் விமலேஸ்வரி வந்து இறங்கியபோது படலையடியில் ஆட்கள் நின்றார்கள். அவள் கையில் இருந்த சட்டம் போட்ட படத்தை யாரோ வாங்கப் போனார்கள். கொடுக்கவில்லை. படத்தோடேயே உள்ளே போய்ப் புருசனின் காலடியில் இருந்தாள். "ஒரு சொல்லுச் சொல்லாமல் போட்டார்" என்று மட்டும் திரும்பத் திரும்பச் சொன்னாள். ஒவ்வொரு முறை அவள் அதைச் சொன்னபோதும் கௌசலா வெளியே போனாள்.

மறுநாள் காலை முற்றத்தில் தறப்பாள் போட்டுக் கிரியை தொடங்கியது. இளையவன் பிரதாபன் கிணற்றில் குளித்து ஈர வேட்டியோடு வந்து நின்றான். அண்ணன் காணாமல் போனபோது அவனுக்கு ஒன்பது வயது. இப்போது அண்ணன் முகம் அவனுக்குப் படத்தில் இருப்பதுபோலத்தான் ஞாபகம்.

ஐயர் தர்ப்பையை எடுத்தார். அதைக் கட்டாமல் கையில் வைத்துக்கொண்டு நின்றார். மூத்தவன் உயிரோடு இருந்து வரமுடியாமல் போனால், அவன் இருக்கிற பக்கம் பார்த்து நின்று உத்தரவு கேட்ட பிறகே இளையவனுக்குத் தர்ப்பை கட்டுவது இந்த ஐயரின் முறை. லண்டனிலும் கனடாவிலும் இருக்கிற மூத்தவர்களிடம் இப்போது போனை எடுத்துக் கேட்டுவிடுவார்கள். மூத்தவன் இறந்துவிட்டால் கேட்கத் தேவையில்லை.

"அம்மா," என்றார் ஐயர் தணிந்த குரலில். "மூத்தவருக்கு எப்பிடிச் செய்யிறது? நீங்கள் சொல்லுறபடி செய்வம்."

பறையடித்தவர்கள் நிறுத்தினார்கள்.

"அவன் இருக்கிறான்" என்றாள் விமலேஸ்வரி. "உத்தரவு கேளுங்கோ."

பக்கத்துக் காணி விஜிதரன் தொண்டையைச் செருமினார். "அக்கா, பதினாறு வருசம்..."

"கேளுங்கோ எண்டனான்."

ஐயர் தலையாட்டினார். "அப்ப, அவர் இருக்கிற பக்கம் பாத்து நில்லுங்கோ தம்பி."

பிரதாபன் படலையைப் பார்த்தான். பிறகு கிணற்றடியைப் பார்த்தான். பிறகு தாயைப் பார்த்தான். "எந்தப் பக்கம் அம்மா?"

விமலேஸ்வரி கையை உயர்த்தினாள். தெற்கே ஒரு சிறையில் கண்டதாக ஒருவர் சொல்லியிருந்தார். கொழும்பில் கண்டதாக இன்னொருவர். வடக்கே ஒரு முகாமில் என்று ஒரு சாத்திரி. எல்லா இடத்துக்கும் போய் வந்தவள். உயர்த்திய கை எந்தப் பக்கமும் நீளவில்லை. கொஞ்ச நேரம் அப்படியே நின்றுவிட்டுக் கீழே இறங்கியது. அவள் முகத்தில் கௌசலா அதுவரை காணாத பயம் இருந்தது.

தாயை அந்த நிலையில் விட்டுவைக்கக் கௌசலாவால் முடியவில்லை. தகப்பனால் எப்படி முடிந்தது என்றும் விளங்கவில்லை. பெண்களின் கூட்டத்திலிருந்து எழுந்து ஆண்களுக்கு நடுவே போனாள். தம்பியின் ஈரத் தோளைப் பிடித்துக் கிழக்கே திருப்பி நிறுத்தினாள்.

"இஞ்சாலை பாத்துக் கேள்."

கிழக்கே என்ன இருக்கிறது என்று அந்த முற்றத்தில் நின்ற எல்லாருக்கும் தெரியும். அந்தப் பக்கத்தில் சிறைச்சாலை இல்லை. வட்டுவாகல் பாலமும் முள்ளிவாய்க்காலும் கடலும்தான்.

ஐயர் நிலத்தைப் பார்த்தார். விமலேஸ்வரி மகளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கொப்பர் சொன்னவரோ?"

"ஓம்" என்றாள் கௌசலா.

"எப்ப?"

"நேற்று."

"அவருக்கு எப்ப தெரியும்?"

கௌசலா தம்பியின் தோளிலிருந்து கையை எடுத்தாள். விமலேஸ்வரி பாடையில் கிடந்தவரின் முகத்தை வெகுநேரம் பார்த்தாள். திட்டுவாள் என்று கௌசலா நினைத்தாள், மார்பில் அடித்துக்கொள்வாள் என்றும் நினைத்தாள். அவள் குனிந்து, அவர் நெற்றியில் கலைந்திருந்த திருநீற்றைச் சரிசெய்துவிட்டாள். பிறகு பிரதாபனைப் பார்த்து, "கேள் தம்பி" என்றாள்.

"அண்ணா," என்றான் பிரதாபன் கிழக்கே பார்த்து. "நான் செய்யட்டோ?"

ஐயர் தர்ப்பையைக் கட்டினார். பறை மறுபடி தொடங்கியது.

வாய்க்கரிசி போடுகிற நேரம் விமலேஸ்வரி முதலாவதாக வந்து ஒரு பிடி எடுத்துப் புருசனுக்குப் போட்டாள். தட்டு அடுத்தவளிடம் போகுமுன் இன்னொரு பிடி அள்ளிக் கையிலேயே வைத்துக்கொண்டாள். அது யாருக்கு என்று ஒருவரும் கேட்கவில்லை. பெண்கள் ஒவ்வொருவராகப் போட்டு முடித்தார்கள். பாடையைத் தூக்கினார்கள். ஆண்கள் படலையைத் தாண்டி ஒழுங்கையில் திரும்பி, பறைச் சத்தமும் தேய்ந்துபோயிற்று. விமலேஸ்வரி தறப்பாளுக்குக் கீழே கையைப் பொத்திப் பிடித்தபடி நின்றாள். விரலிடுக்கால் அரிசி ஒவ்வொன்றாக விழுந்துகொண்டிருந்தது.