அண்ணனின் பெயர்

மண்ணெண்ணெயில் நனைத்த துணியால் அப்பாவின் நகக்கண்களைத் தேய்த்துக்கொண்டிருந்தாள் மகள். ஆயுள் முழுக்க டியூபுக்கு ஒட்டுப் போட்ட பசை அத்தனை லேசில் போய்விடுமா? கட்டைவிரலில் ஒரு கறுப்புக் கோடு மட்டும் பிடிவாதமாக நின்றது. கிடக்கட்டும் என்று விட்டுவிட்டாள்.

கல்லறைக்குக் கல் செதுக்குகிறவர் வாசலில் வந்து நின்றார்.

"இப்பவே சொல்லிட்டீங்கன்னா வேலைய ஆரம்பிச்சிடுவேம்மா. பேரு என்ன போடணும்?"

கூடத்தில் இருந்தவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். ஊரே கூப்பிட்ட பஞ்சர் என்கிற பெயருக்கு மேல் யாருக்கு என்ன தெரியும்? அவர் பஞ்சர் கடை போட்டிருந்த சாலை வளைவுக்கு நகராட்சி யாரோ ஒரு பெரிய மனிதரின் பெயரை வைத்துப் பலகையும் நட்டிருந்தது. அதை யார் சட்டை செய்தார்கள்! அந்த நிறுத்தத்துக்குப் பஸ்ஸில் ஏறினால் "பஞ்சர் ரெண்டு குடுங்க" என்றுதான் டிக்கெட் கேட்பார்கள். கண்டக்டரும் மறுபேச்சில்லாமல் கிழித்துக் கொடுப்பார்.

"என் தம்பி பேரு எனக்குத் தெரியும். நான் சொல்றேன்" என்று எழுந்தாள் அத்தை.

மகளுக்குச் சுருக்கென்றது. அந்தப் பெயர் அவளுக்கும் தெரியும். அப்பா பிறப்பதற்கு முன்பே காய்ச்சலில் போய்விட்ட அண்ணனுடைய பெயர் அது. போன பிள்ளையே திரும்பி வந்துவிட்டதாகப் பெற்றவள் மனதைத் தேற்றிக்கொண்டு, அதே பெயரை அடுத்த பிள்ளைக்கும் வைத்துவிட்டாள். அவன் சட்டை, அவன் கிண்ணம், அவன் பெயர். "அது எனக்கு வெச்ச பேரு இல்லம்மா" என்று அப்பா மகளிடம் ஒரே ஒரு தடவை சொல்லியிருக்கிறார். அம்மாவும் போய்ச் சேர்ந்துவிட்ட வீட்டில், இனி அவருக்காகப் பேச மகளை விட்டால் ஆளில்லை.

"அந்தப் பேரு வேணாம் அத்த."

"ஏன்டி வேணாம்? எங்கம்மா ஆசையா வெச்சது. கல்லுல போய் பஞ்சர்னா வெட்டுவாங்க? ஊரு சிரிக்காது?"

"சிரிக்கட்டுமே. இந்தப் பேர்ல அங்க ஏற்கெனவே ஒரு சின்னக் கல்லு இருக்குல்ல? பக்கத்துலதான் இவருக்கும் குழி. பொறந்ததும் அண்ணன் எடத்துல இவரப் போட்டீங்க. செத்த பிறகுமா?"

வார்த்தை தடித்துவிட்டது. யாரோ தொண்டையைச் செருமினார்கள். மகள் குரலை இறக்கவில்லை.

"நீங்க அந்தப் பேரச் சொல்லிக் கூப்பிட்டு, ஒரு நாளாவது அவர் ஒடனே திரும்பிப் பாத்திருக்காரா?"

தெருமுனையில் இறங்கியதுமே தம்பி பெயரைத் தொண்டை கிழியக் கத்திக்கொண்டுதான் அத்தை எப்போதும் வருவாள். அவர் பாட்டுக்குக் குனிந்து வேலை பார்த்துக்கொண்டிருப்பார். கிட்டே போய்த் தோளைத் தொட்டால்தான் நிமிர்வார்.

அத்தை தம்பியின் தலைமாட்டில் மெல்ல உட்கார்ந்தாள்.

"காது மந்தம்னுல்லடி நெனச்சேன்... இத்தன வருஷமும்."

பிறகு குனிந்து, அவர் காதருகே, "பஞ்சரு" என்றாள். கத்தவில்லை. நிமிர்ந்து, வாசலில் நின்ற கல் செதுக்குகிறவரிடம் சொன்னாள்:

"எழுத்து நல்லா பெருசா இருக்கட்டும்யா."