முண்டின் தலைப்பு

"சாரே, இவங்க எல்லாரும் எங்க ஆளுங்களா?" என்று கணினித் திரையைக் காட்டி உதவியாளர் சபீனா கேட்டாள்.

ஆரியசாலைக் கடைத்தெருவில் அரிசி மண்டிக்கு மேல்மாடி. பழைய செய்திப்படச் சுருள்களைக் கணினியில் ஏற்றித் திரைப்படக்காரர்களுக்கு வழங்குவது குற்றாலலிங்கத்தின் தொழில். அன்று நண்பகலுக்குள் ஒரு துண்டுப் படத்தைக் கீறல் நீக்கிக் கொடுத்தாகவேண்டும். அது இடம்பெறும், இயக்குநர் ஜெயனின் ஆவணப்படம் மறுநாள் மாலை திரையேறுகிறது. மலைத்தோட்டமொன்றில் முன்பு நடந்த வேலைநிறுத்தத்தில், யாரோ எறிந்த கல்லால் மேலாளர் கண்ணிழந்தார். எறிந்தவர் வன்னியபெருமாள் என்று படம் பெயர் சொல்லப்போகிறது. அக்கிழவர் இன்றும் தோட்டத்துத் தொழிலாளர் வரிசைவீடான லயத்தில்தான் வாழ்கிறார். அத்துண்டில், புகையில் முகம் தெரியாவிட்டாலும் கல் இடக்கையிலிருந்து பறக்கிறது. அத்தோட்டத்தில் இடக்கைக்காரர் அவர் ஒருவரே.

"எல்லாம் சங்கரன்கோயில் பக்கத்து ஆளுங்க, பிள்ளே. ஏன்?" என்றார் குற்றாலலிங்கம்.

"பின்னெ, என் வாப்பா மாதிரி முண்டை இடப்பக்கமா உடுத்தியிருக்காங்களே. ஒருத்தர் விடாம!" முண்டு எனும் வேட்டியின் தலைப்பை முஸ்லிம்கள் இடப்பக்கமும் மற்றவர்கள் வலப்பக்கமும் செருகுவது இங்கே வழக்கம்.

குற்றாலலிங்கம் சட்டென எழுந்தார். சுருளை எடுத்து விளக்கின்முன் பிடித்தார். ஓரத்து எழுத்துகள் நேராகத் தெரிந்த பக்கம், கணினியில் ஏற்றியபோது அவர் மேலே வைத்த பக்கமன்று. ஒவ்வொரு சுருளிலும் அவ்வெழுத்தைப் படித்துவிட்டே ஏற்றுபவர், ஜெயனின் அவசரத்தில் இதனை மட்டும் படிக்கவில்லை. இடம் வலமாய், வலம் இடமாய் மாறிவிட்டது.

படியில் செருப்புச் சத்தம். சரிகைக் கரையிட்ட கசவு முண்டு சரசரக்க ஜெயன் நுழைந்தான்.

"அண்ணாச்சி, நம்ம துண்டுப் படம் ரெடியல்லே?"

"தர முடியாது, ஜெயன். கண்ணாடியில பார்த்த மாதிரி படம் திரும்பிக் கிடக்கு. தப்பு என்னோடது. எறிஞ்சது வலக்கை."

ஜெயனின் முகம் வெளிறியது. "என் படமே அந்தக் கையிலதான் நிக்குது! போட்டே, விட்டுடுங்க அண்ணாச்சி. ஆரு நோக்கப்போறா?"

"நாளைக்கு அந்தக் கிழவர் வாசல்ல ஊரே நோக்கும்."

"முன்னே தந்த பிரதி என் கையில உண்டு. கீறலோட அதையே ஓட்டுவேன்."

குற்றாலலிங்கம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"ஓட்டும். முன்வரிசையில நான் இருப்பேன். விளக்கு எரிஞ்சதும் எழுந்து நின்னு, எல்லாரும் அவங்கவங்க இடுப்பைப் பாருங்கன்னு சொல்லுவேன். இந்த ஊர்ல முண்டு உடுக்கத் தெரியாதவன் யாரு, சொல்லும்?"

ஜெயனின் கண்கள், அவனை அறியாமலே கீழே தாழ்ந்தன. அவனுடைய முண்டின் தலைப்பு வலப்பக்கம் செருகியிருந்தது. திரையில் உறைந்து நின்ற கூட்டத்தாருக்கோ இடப்பக்கம்.

அவன் நாற்காலியில் சரிந்தான். "பேரை எடுத்தா, படத்துக்கு என்ன முடிவு?"

"தெரியலேன்னு சொல்லும். அதுதானே நிஜம்?"

ஜெயன் சபீனாவை நோக்கித் தலையசைத்தான். அவள் படத்தைத் திருப்பினாள். புகைக்குள்ளிருந்து வலக்கை ஒன்று உயர்ந்தது. அக்கூட்டத்தில் எவருடையதாகவும் இருக்கக்கூடிய கை.